பழைய ஃபிரிஜ் போட்ட சத்தம்

நெஞ்சைப் பிளந்து தைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தவனைப் பார்க்க வருகிறவர்கள் எல்லாரும் கேட்பது ஒரே கேள்விதான்: "வலிச்சுதா?" வலிக்காமல் என்ன செய்யும்? ஆனால் வலியைப் பற்றி எழுத எனக்கு ஆசை இல்லை. மருத்துவமனைக் கட்டிலில் சாய்ந்துகொண்டு ஞாயிறுதோறும் என் மகளிடம் சொன்ன பொய்யைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். அறுவை சிகிச்சையைவிட அதுதான் எனக்குப் பெரும்பாடாக இருந்தது.

நான் ஈப்போக்காரன். பெயர் மணியம். இப்போது இருப்பது ஆக்லாந்தில், அங்கே ஒடாஹுஹு கடைத்தெருவில் பழைய ஃபிரிஜ்களை வாங்கி, பழுது பார்த்து, விற்கிறேன். வீடு பக்குரங்காவில். மனைவி இந்திராணி, ஒரே மகள் திலகா. ஃபிரிஜ்காரன் மகள் பனிக்கே போய்விட்டாள் என்று ஆக்லாந்துத் தமிழர்கள் எங்களைக் கேலி செய்வார்கள். அவள் பயாத்லான் வீராங்கனை. ஒலிம்பிக்கில் ஓடியவள்.

பயாத்லான் என்றால் என்ன என்று கேட்காத தமிழனை நான் இன்னும் சந்திக்கவில்லை, ஆகவே சொல்லிவிடுகிறேன். காலில் ஸ்கீ என்ற நீளக் கட்டைகளைப் பூட்டிக்கொண்டு, முதுகில் துப்பாக்கியோடு, பனியில் கிலோமீட்டர் கணக்கில் ஓடவேண்டும். மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க வந்து நின்று, தூரத்தில் இருக்கும் ஐந்து கறுப்பு வட்டங்களைச் சுடவேண்டும். முதல் தடவை படுத்துக்கொண்டு, அடுத்த தடவை நின்றுகொண்டு. ஒரு குண்டு தவறினால், தண்டனையாக ஒரு வளையத்தை ஒருமுறை சுற்றிவிட்டுத்தான் மேலே போகலாம். "ஓடுறதுன்னா ஓடணும், சுடுறதுன்னா சுடணும். ரெண்டையும் ஏன் ஒண்ணா போட்டுக் கொழப்பிக்கணும்?" என்று இந்திராணி கேட்டாள். அவளுக்கு இன்றுவரை யாரும் ஒழுங்கான பதில் சொல்லவில்லை.

திலகா பள்ளிக்கூடத்தில் துப்பாக்கி சுடும் குழுவில் சேர்ந்தாள், சும்மா இருந்தோம். கணக்கியல் படிக்க நாட்டின் தெற்குத் தீவுக்கு அனுப்பினோம். அங்கே பனி இருப்பதை நாங்கள் யோசிக்கவில்லை. கணக்கியல் எங்கே போனதோ தெரியாது, பிள்ளை ஸ்கீயோடு திரும்பி வந்தாள். கோடைக்காலத்தில் பக்குரங்காவில் ஏது பனி? ஸ்கீக்குச் சக்கரம் வைத்து, மேட்டுச் சாலையில் ஏறி ஏறி இறங்கினாள். மூலை மளிகைக் கடையை இங்கே டெய்ரி என்பார்கள், அந்த டெய்ரிக்காரர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, பொண்ணுக்கு உடம்புக்கு ஏதாவதா என்று விசாரித்தார்.

எங்கள் கராஜில் ஒரு செத்த ஃபிரிஜ் நின்றது. அதன் கதவில் ஐந்து கறுப்புப் பொட்டுகளை ஒட்டியிருந்தாள். சாலையை மும்முறை சுற்றி ஓடிவந்து, குண்டு போடாத துப்பாக்கியால் அந்தப் பொட்டுகளைக் குறிபார்ப்பாள். இதயம் அடிக்கும்போது துப்பாக்கியின் நுனியும் சேர்ந்து துள்ளுமாம். ஒரு துடிப்புக்கும் அடுத்த துடிப்புக்கும் நடுவே ஒரு சின்ன இடைவெளி உண்டு, அங்கேதான் விசையை அழுத்த வேண்டுமாம். அதற்காக எந்நேரமும் கழுத்தில் இரண்டு விரலை வைத்து நாடியை எண்ணிக்கொண்டிருப்பாள். அப்புறம் ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு என் மணிக்கட்டைப் பிடிப்பாள். "அப்பா, செவன்டி டூ. போரிங்," என்று சொல்லிவிட்டு மறுபடி ஓடிவிடுவாள்.

முதல் ஒலிம்பிக்கில் நடந்ததைச் சொன்னால்தான் மற்றது விளங்கும். பந்தயத்துக்கு முதல் நாள் இந்திராணி ஃபோன் பண்ணி, பசியாறினாயா, காதை மூடிக்கொண்டாயா என்று எல்லாம் கேட்டுவிட்டு, கடைசியில் ஈப்போவில் பெரியம்மா தவறிவிட்டதையும் சொல்லிவிட்டாள். திலகாவை இடுப்பில் தூக்கி வளர்த்த பெரியம்மா. மறுநாள் நின்று சுட்ட ஐந்தில் நாலு தவறியது. தண்டனை வளையத்தை நாலு முறை சுற்றினாள். கடைசிக்கு முந்தின இடம். அம்மாவை அவள் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதனால்தான் எங்களுக்கு அது இன்னும் ஆறவில்லை.

நாலு வருஷத்துக்கு ஒருமுறை வரும் குளிர்கால ஒலிம்பிக் அந்தத் தடவை மட்டும் இரண்டே வருஷத்தில் வந்தது, அதற்கும் தகுதி பெற்றாள். இதுதான் கடைசி, வந்து வேலை தேடுகிறேன் என்றாள். மெடல் எல்லாம் அவள் கனவிலும் கிடையாது. "அந்த ஸ்டாண்டிங் ஃபைவ் மட்டும் விழணும்ப்பா. ஆல் ஃபைவ். தட்ஸ் ஆல்," என்று சொல்லிவிட்டு ஐரோப்பாவுக்கு விமானம் ஏறினாள். அவள் போன ஒரு மாதத்தில் எனக்கு நெஞ்சு வலித்தது.

கடையில் ஒரு பெரிய ஃப்ரீசரை நகர்த்திக்கொண்டிருந்தேன். யாரோ என் நெஞ்சின்மேல் ஏறிச் சப்பணம் போட்டு உட்கார்ந்த மாதிரி இருந்தது. வாயு என்று நினைத்து இஞ்சித் தேநீர் குடித்தேன். உட்கார்ந்தவன் இறங்கவில்லை. ஃப்ரீசர் வாங்க வந்த வாடிக்கையாளர் என் முகத்தைப் பார்த்துவிட்டு ஆம்புலன்ஸைக் கூப்பிட்டார். என்னை ஏற்றும்போது, அப்போ ஃப்ரீசர் எப்போ கிடைக்கும் என்றும் கேட்டார். நல்ல மனுஷன்தான், ஆனால் அவசரக்காரர்.

மருத்துவமனையில் ஆஞ்சியோகிராம் எடுத்தார்கள். தொடை இடுக்கில் மரத்துப்போக ஊசி போட்டு, நூல் போன்ற ஒரு குழாயை ரத்தக்குழாய்க்குள் விட்டு இதயம்வரை தள்ளுவார்கள். அதன் வழியாகச் சாயம் விட்டால் அடைப்பு எங்கே என்று திரையில் தெரியும். சாயம் இறங்கும்போது உடம்பெல்லாம் குப்பென்று சூடாகி, ஐயையோ, படுக்கையை நனைத்துவிட்டோமே என்று தோன்றும். நனைத்திருக்க மாட்டீர்கள். எல்லாருக்கும் அப்படித்தான் தோன்றுமாம். இதை எனக்கு முன்கூட்டியே யாராவது சொல்லியிருந்தால் அந்தப் பெண் டாக்டரிடம் அத்தனை முறை மன்னிப்புக் கேட்டிருக்க மாட்டேன்.

மூன்று இடத்தில் அடைப்பு. பைபாஸ் செய்யவேண்டும் என்றார் சர்ஜன். காலிலிருந்து ஒரு ரத்தக்குழாயை உருவி எடுத்து, அடைப்பைச் சுற்றிக்கொண்டு ரத்தம் போகும்படி இதயத்தில் தைப்பது. "அதாவது பழைய பைப்பை அப்படியே விட்டுவிட்டு, பக்கத்தில் புதுப் பைப் போடுகிறீர்கள்," என்றேன். சர்ஜன் மகிழ்ந்துபோய், கூட நின்ற மாணவர்களிடம் அதைத் திருப்பிச் சொன்னார். எனக்கு மகிழ்ச்சி இல்லை. நான் அப்படிப் பைப் போட்டுக் கொடுத்த ஃபிரிஜ்களில் எத்தனை திரும்பி வந்தன என்று எனக்கல்லவா தெரியும்.

அதுவரை வீட்டுக்குப் போகக்கூடாது, வார்டிலேயே காத்திருக்க வேண்டும் என்றார்கள். பில் எவ்வளவு வரும் என்று விசாரித்தேன். இங்கே பில் கிடையாது என்றார்கள். எனக்குப் பயம் இரண்டு மடங்கானது. காசு வாங்காமல் ஒருத்தன் நெஞ்சை வெட்டுகிறான் என்றால் அவனை எப்படி நம்புவது? இந்திராணிதான் அதட்டினாள். "பேசாம படுங்க லா. சும்மா குடுத்தா குத்தமா?"

திலகாவுக்குச் சொல்லக்கூடாது என்று அன்றைக்கே முடிவு செய்தோம். அவள் பந்தயம் முடிகிறவரை ஒரு மூச்சு விடக்கூடாது. இந்திராணி என் தலையில் கைவைத்துச் சத்தியம் செய்தாள். மாசி என்ற புறநகரிலிருந்து வந்த நண்பர் சிவநேசனும் ஒத்துக்கொண்டார். அவர் யாழ்ப்பாணத்துக்காரர், ஆக்லாந்தில் அவருக்குத் தெரியாத தமிழ்க் குடும்பம் இல்லை.

"ஓம் மணியண்ணை, பிள்ளைக்குத் தெரியவே கூடாது. நான் எல்லாருக்கும் சொல்லி வைக்கிறன்," என்றார்.

"எல்லாருக்கும் என்னான்னு சொல்லப் போறீங்க?"

"உங்களுக்கு ஹார்ட்டில வருத்தம் எண்டு பிள்ளையோட கதைக்க வேண்டாம் எண்டு."

அப்படித்தான், விஷயமே தெரியாமல் நிம்மதியாக இருந்தவர்களுக்கும் விஷயம் தெரிந்தது. கூட்டம் கூட்டமாக வந்தார்கள். ஒரு தடவைக்கு இரண்டு பேர்தான் என்று வார்டுத் தாதி லோசே வாசலில் நின்றாள். டோங்காத் தீவுக்காரி, வாசலே அடைபட்டுப் போகும் ஆகிருதி. நம்மவர்கள் இரண்டிரண்டு பேராக வரிசை கட்டினார்கள். வந்தவர்கள் அத்தனை பேரும் ஒரு பைபாஸ் கதை வைத்திருந்தார்கள். "எங்க சித்தப்பாவுக்கும் இதே ஆப்பரேஷன்தான் அங்கிள்," என்றான் ஒருவன்.

"இப்ப எப்படி இருக்காரு?"

அவன் திராட்சைப் பையைப் பிரித்துக்கொண்டே, "அது வேற கதை அங்கிள்," என்றான்.

வழக்கமாகத் திலகாதான் ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு ஃபோன் பண்ணுவாள். மலிவான ஃபோன் கார்டு கிடைத்திருக்கிறது, இனி நானே கூப்பிடுகிறேன் என்று இந்திராணி மூலம் சொல்லிவிட்டேன். வார்டில் சக்கரம் வைத்த ஃபோன் ஒன்று உண்டு, கட்டிலுக்கே உருட்டிக்கொண்டு வருவார்கள். தேநீர் வண்டிச் சத்தம், அடுத்த கட்டில் இருமல், எல்லாவற்றுக்கும் பதில் தயார் செய்து வைத்திருந்தேன். ஒன்றை மட்டும் மறந்துவிட்டேன். நெஞ்சில் ஒட்டிய வயர்கள் போய்ச் சேரும் மானிட்டர், என் ஒவ்வொரு துடிப்புக்கும் ஒரு பீப் போடும். இரவும் பகலும் கேட்டுக் கேட்டு அது என் காதில் விழுவதே நின்றுபோயிருந்தது.

"அப்பா, என்ன அது பீப் பீப்னு?" என்றாள் திலகா, ஹலோ சொன்ன கையோடு.

எனக்குப் பகீரென்றது. பக்கத்தில் நின்ற இந்திராணி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அதுவா? ஒரு பழைய ஃபிரிஜ்மா. வீட்டுக்குக் கொண்டாந்து ரிப்பேர் பண்றேன். கதவு சரியா மூட மாட்டேங்குது, அலாரம் அடிக்குது."

"கொஞ்சம் ஃபாஸ்ட்டா இருக்கே அப்பா," என்றாள்.

"கம்ப்ரஸர் சூடாயிருக்கு."

"ஓகே. கீப் டாக்கிங் அப்பா. என்ன சாப்பிட்டீங்க?"

என் மகள் பிறந்ததிலிருந்து என்னிடம் அப்படிக் கேட்டதில்லை. ஃபோனை எடுத்தால் ரெண்டு வார்த்தை, அப்புறம் "பை அப்பா". இப்போது என்னவென்றால், என்ன சாப்பிட்டீர்கள், தக்காளி காய்த்ததா, டெய்ரிக்காரர் எப்படி இருக்கிறார் என்று கேட்டுக்கொண்டே போகிறாள். நான் பதில் சொன்னால் அமைதியாகக் கேட்கிறாள். பாவம், பிள்ளைக்கு வீட்டு நினைப்பு வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்த ஞாயிறு இன்னும் மோசம். பொய் சொல்லும்போது இதயம் வேகமாக அடிக்கும் என்பது நமக்குத் தெரியும், ஆனால் அதை வெளியே சத்தம் போட்டுக் காட்டும் யந்திரத்தோடு யாரும் பொய் சொல்வதில்லை. "மிஸ் யூ அப்பா," என்று அவள் சொன்னாள். பீப் தறிகெட்டு ஓடியது. லோசே என்னவோ ஏதோ என்று பாய்ந்து வந்தாள். சத்தத்தைக் கொஞ்சம் நிறுத்தேன் என்று சைகை காட்டினேன். முடியாது, நான் அந்தப் பக்கம் நிற்கும்போது அதுதான் என் காது என்று உரக்கச் சொன்னாள்.

"அப்பா, யாரு அது?"

"டிவி."

ஆப்பரேஷன் இரண்டு முறை தள்ளிப்போனது. முதல் நாள் மாலை மார்பு முடியைச் சிரைப்பார்கள், கால் முடியைச் சிரைப்பார்கள், பட்டினி போடுவார்கள். காலையில் வந்து, உங்களைவிட அவசரமான ஒருவர் வந்துவிட்டார் என்பார்கள். முடி மறுபடி முளைத்து அரிக்கத் தொடங்கும். மறுபடி சிரைப்பார்கள். இரண்டாம் தடவை நான் சத்தம் போட்டுவிட்டேன். என்னைவிட அவசரமான அந்த ஆளைக் கூட்டி வாருங்கள், நானே பேசிக்கொள்கிறேன் என்றேன். அந்த ஆள் மயக்கத்தில் இருப்பதாக லோசே சொன்னாள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

மூன்றாம் முறை சர்ஜனே வந்து நாளைக்கு நிச்சயம் என்றார். திலகாவின் பந்தயத்துக்கு இரண்டு வாரம்கூட இல்லை. அன்று மாலை இந்திராணியிடம், "நான் எழுந்திரிக்கலன்னாலும் ரேஸ் முடியற வரைக்கும் புள்ளைக்குச் சொல்லாத," என்றேன். சாவதற்குப் பயம், பிள்ளையைப் பார்க்காமல் சாவதற்கு அதைவிடப் பயம்.

இந்திராணி என்னை முறைத்தாள். "ஞாயித்துக்கெழம நீங்க கூப்பிடலன்னு அவ ஃபோன் பண்ணி அப்பா எங்கன்னா நான் என்னா சொல்றது? ஃபிரிஜ்ஜ வித்தாச்சு, அப்பாவும் கூடப் போயிட்டாருன்னா?" சொல்லிவிட்டுச் சிரித்தாள். அப்புறம் என் போர்வையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன். மானிட்டர் அதன்பாட்டுக்கு அடித்துக்கொண்டிருந்தது.

கண் விழித்தபோது தொண்டையில் குழாய் இருந்தது, பேச முடியவில்லை. கல்யாணமாகி நான் வாயே திறக்காமல் இருந்த ஒரே நாள் அதுதான் என்று இந்திராணி இன்றும் ஏக்கத்தோடு சொல்கிறாள். பிளந்த நெஞ்செலும்பைக் கம்பியால் கட்டியிருந்தார்கள். இருமினால் உயிர் போகும். இருமும்போது கட்டிப்பிடித்துக்கொள்ள ஒரு தலையணை கொடுத்தார்கள். பிறகு மூன்று பந்துகள் உள்ள ஒரு பிளாஸ்டிக் பெட்டியைக் கொண்டுவந்து, குழாய் வழியாக மூச்சை உள்ளே இழுத்துப் பந்துகளைத் தூக்கச் சொன்னார்கள். நுரையீரல் சுருங்கிப் போகாமல் இருக்க அந்தப் பயிற்சி. ஒரு பந்து பெரிய மனது பண்ணி ஆடியது. என் மகள் ஒலிம்பிக்காரி தெரியுமா என்றேன். அப்போ மகளை வந்து இழுக்கச் சொல்லவா என்றாள் லோசே.

அந்த ஞாயிறு, தலையணையைக் கட்டிக்கொண்டே ஃபோனைப் பிடித்தேன். குரல் கரகரத்தது. தொண்டை கட்டியிருக்கிறது என்றேன். என்ன சாப்பிட்டேன், ஏது சாப்பிட்டேன் என்று திலகா மறுபடி என்னைப் பேசவைத்தாள்.

"ஃபிரிஜ் இப்ப பெட்டரா இருக்கு அப்பா," என்றாள்.

"ஆமா. பைப் மாத்தியாச்சு."

"நீங்களா மாத்துனீங்க?"

"இல்லமா. வேற நல்ல ஆளு."

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அங்கே ரொம்பக் குளிர் என்றாள். நானும் நம்பினேன்.

பந்தயத்துக்கு இரண்டு நாள் முன்னால் என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள். ஒரு டஜன் மாத்திரை, ஒரு தலையணை, கனமாக எதையும் தூக்கக்கூடாது என்ற கட்டளை. மறுநாள் எங்கள் வரவேற்பறையிலிருந்து திலகாவைக் கூப்பிட்டேன். நிஜமாகவே வீட்டிலிருந்து பேசுகிறேன், பொய்யே இல்லை என்று குஷியாக ஹலோ என்றேன்.

"அப்பா, பீப் எங்க?" அவள் குரல் ஒரு மாதிரி இருந்தது.

"அதுவா? வேலை முடிஞ்சுது. அனுப்பியாச்சு."

"ரியலி? நல்லா ஓடுதா?"

"பிரமாதமா ஓடுது. சத்தியமா."

நீளமாக ஒரு மூச்சு விட்டாள். "ஓகே. இனி தூங்குவேன்," என்றாள்.

பந்தயத்தைத் தொலைக்காட்சியில் காட்டவில்லை. பனிமேல் ஜோடி ஜோடியாக நடனமாடுகிறவர்களையே காட்டிக்கொண்டிருந்தார்கள். மறுநாள் விடிந்ததும் அவளே கூப்பிட்டாள். "ஸ்டாண்டிங் ஃபைவ் அப்பா! ஆல் ஃபைவ்!" நாற்பதுக்கு மேலே ஏதோ ஓர் இடம் வந்திருந்தாள், அதை யார் கேட்டார்கள்? நான் தலையணையைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதேன். தையல் பிரிந்துவிடும் லா என்று இந்திராணி என்னைத் திட்டிக்கொண்டே அவளும் அழுதாள். சிவநேசன் அரை மணி நேரத்தில் ஆக்லாந்து முழுக்கச் சொல்லிவிட்டார்.

திலகா வீடு திரும்பியபோது இலையுதிர்காலம் தொடங்கியிருந்தது. விமான நிலையத்தில் கழுத்துவரை பொத்தான் போட்டுக்கொண்டு நின்றேன். அவள் என்னைப் பூனைக்குட்டியைத் தொடுகிற மாதிரி மெதுவாக அணைத்தாள். அப்போதாவது எனக்கு உறைத்திருக்க வேண்டும். வீட்டுக்கு வந்து தோசை எல்லாம் சாப்பிட்ட பிறகு, வாரக்கணக்கில் ஒத்திகை பார்த்த பேச்சைத் தொடங்கினேன். "திலகா, ஒண்ணு சொல்லணும். பதறாத." சட்டைப் பொத்தானைக் கழற்றி நெஞ்சில் மேலிருந்து கீழ்வரை ஓடும் தழும்பைக் காட்டினேன்.

அவள் பதறவில்லை. தழும்பை நன்றாகக் குனிந்து பார்த்தாள். "நீட்டா தச்சிருக்காங்க. எத்தன பைப்?" என்றாள்.

இந்திராணி கரண்டியைக் கீழே போட்டாள். "நான் சொல்லல! சாமி சத்தியமா நான் சொல்லல!"

"நீங்க சொல்லலம்மா. நான் ஃபிரிஜ் கடையில வளர்ந்தவ. கதவு தொறந்திருந்தா ஃபிரிஜ் இப்படியா அடிக்கும்? நான் மிஸ் யூன்னு சொன்னதும் எந்த ஃபிரிஜ் ஸ்பீடாகும்?" என்று கேட்டாள் திலகா. அவள் முகம் சிரித்துக்கொண்டிருந்தது, கண்கள் நனைந்திருந்தன. "வாட்ச்ச வச்சு எண்ணுனேன் அப்பா. ஃபர்ஸ்ட் சண்டே நயன்டி எய்ட். பயந்துட்டேன். ஆப்பரேஷன் முடிஞ்சு எய்ட்டி சிக்ஸ், ஸ்டெடி. எவ்ரி சண்டே அதத்தான் எண்ணிட்டிருந்தேன்."

பிள்ளைக்குத் தக்காளியிலும் டெய்ரிக்காரரிலும் திடீரென்று அக்கறை வந்த காரணம் எனக்கு அப்போதுதான் விளங்கியது. நான் பேசிக்கொண்டே இருந்தால்தான் அவளுக்கு அந்த பீப் கேட்கும்.

"தெரிஞ்சும் ஏன்மா ஒரு வார்த்த கேக்கல?" என்றேன். எனக்குக் கோபமும் வந்தது, அழுகையும் வந்தது.

"கேட்டா, எனக்குத் தெரிஞ்சிருச்சுன்னு நீங்க கவலப்படுவீங்க. அந்த ஹார்ட்ட வச்சுக்கிட்டா?" என்றாள். பிறகு தமிழைத் தேடித் தேடிச் சொன்னாள். "ஸ்டாண்டிங்ல நின்னப்போ என் ஹார்ட் பயங்கரமா அடிச்சுது. கன் ஆடுது. கோச் கத்துறாரு, சுடு சுடுன்னு. நான் அந்த பீப்ப நெனச்சேன். ரிப்பேர் ஆனதுக்கு அப்புறம் கேட்டது. ஸ்லோவா. ஒரு பீப்புக்கும் அடுத்த பீப்புக்கும் நடுவுல சுட்டேன். அஞ்சும் விழுந்துச்சு."

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, என் மணிக்கட்டைப் பிடித்து, சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். "பேசாதீங்க அப்பா," என்றாள். இந்திராணியும் அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றாள். ஒரு நிமிஷம் முழுக்க எங்கள் வீட்டில் யாரும் பேசவில்லை.

"செவன்டி டூ," என்றாள் திலகா. "போரிங்."

சொன்ன பிறகும் கையை விடவில்லை.